உளுந்து மாவில் உருவாகும் நகைகள்: வங்கத்தின் 'கொய்னா போரி' கலை

மேற்கு வங்கத்தின் மேதினிபூர் பகுதியில் குளிர்காலம் தொடங்கியதும், வீட்டு முற்றங்களிலும் மாடிகளிலும் தட்டுகள் வரிசையாக வெயிலில் வைக்கப்படுகின்றன. தோடு, கழுத்தணி, கிரீடம், மயில், சங்கு, மீன் எனப் பல உருவங்கள் அவற்றில் காய்கின்றன. அனைத்தும் உளுந்து மாவால் ஆனவை. வங்க மொழியில் 'கொய்னா' என்றால் நகை. 'போரி' என்றால் வடகம். தாம்லுக், மகிஷாதல் வட்டாரப் பெண்கள் தலைமுறைகளாகக் காத்துவரும் கலை இது.

செய்முறை

உளுந்தை இரவு முழுவதும் ஊறவைத்து, தோலைக் களைந்து, நைய அரைக்கின்றனர். பின்னர் மாவில் காற்று ஏறும்வரை கையால் நெடுநேரம் அடிக்கின்றனர். பதம் அறிய ஒரு துளி மாவைத் தண்ணீரில் இடுவர். மிதந்தால் மாவு தயார்; மூழ்கினால் மேலும் அடிக்க வேண்டும். உள்ளே தங்கும் காற்றே, பொரிக்கும்போது வடகத்தை இலேசாகவும் மொறுமொறுப்பாகவும் ஆக்குகிறது.

தட்டில் கசகசாவைப் பரப்பி, அதன்மேல் ஜாங்கிரி பிழிவதைப் போல, துளையிட்ட துணியில் மாவை வைத்துக் கோலங்களைப் பிழிகின்றனர். மெல்லிய கோடு வருவதற்காகத் துளையில் சிறு உலோகக் குழலைப் பொருத்துவதும் உண்டு. அச்சு கிடையாது; கைப்பழக்கமே வடிவத்தைத் தீர்மானிக்கிறது. மாவு தட்டில் ஒட்டாமல் காப்பதும், காய்ந்தபின் தனிச் சுவை தருவதும் கசகசாவே.

தாகூர் கேட்ட அனுமதி

1930-ல் சாந்திநிகேதன் மாணவி சேபா மைத்தி, தம் தாய் ஹிரண்மயி தேவியும் பாட்டி சரத்குமாரி தேவியும் செய்த கொய்னா போரியை ரவீந்திரநாத் தாகூருக்கு அளித்தார். அதன் வேலைப்பாட்டில் வியந்த தாகூர், அவற்றின் படங்களைக் கலாபவனத்தில் பாதுகாக்க அனுமதி கோரி அவ்விருவருக்கும் கடிதம் எழுதினார். எண்ணெயில் பொரிந்து, சோற்றுடன் உண்ணப்பட்டு மறையும் ஒரு பொருள் கலைப்படைப்பாக மதிக்கப்பட்ட தருணம் அது. செய்தவர்களின் பெயர் பதிவாவது இக்கலையில் அரிது.

இன்றைய சவால்கள்

இக்கலை முற்றிலும் வானிலையைச் சார்ந்தது. மேகமூட்டமோ ஈரக்காற்றோ நீடித்தால் வடகம் காயாமல் பூஞ்சை பிடிக்கும். காய்ந்த பின்னரும் சிறு அழுத்தத்தில் நொறுங்கிவிடும் என்பதால் தொலைதூரச் சந்தைகளுக்கு அனுப்புவது கடினம். மற்றொரு சுமை கசகசாவின் விலை. அபினி தரும் செடியின் விதை என்பதால், இந்தியாவில் அரசின் உரிமம் பெற்றவர்களே அச்செடியைப் பயிரிட முடியும். எனவே சிலர் கசகசாவுக்குப் பதிலாக எள்ளைப் பரப்புகின்றனர்.

வீட்டுத் தேவைக்காகவும், உறவினர்களுக்குச் சீராக அனுப்பவும் செய்யப்பட்ட கொய்னா போரி, இப்போது விற்பனைக்கும் வருகிறது. ஆயினும் பார்த்துச் செய்ய வரைபடமோ அளவுகோலோ இல்லாத இக்கலை, மூத்த பெண்களின் அருகில் அமர்ந்து பிழியப் பழகும் இளையோர் இருக்கும்வரை மட்டுமே நீடிக்கும்.