டிராகுலாவின் கால் வலி

டிராகுலான்னு சொன்னா உங்க மனசுல என்ன வருது? கறுப்பு அங்கி, படிய வாரிய தலை, ஒவ்வொரு சொல்லையும் இழுத்து இழுத்துப் பேசுற ஒரு விநோத ஆங்கிலம். அந்தப் பேச்சு எந்த டைரக்டரும் யோசிச்சு வச்சதில்லை. ஊரை விட்டு ஓடி வந்த ஒரு மனுஷனோட தாய்மொழி வாடை அது. த்ரெட் கொஞ்சம் நீளம், பொறுத்துக்குங்க.

பேலா லுகோசி. 1882-ல் அன்றைய ஹங்கேரியின் லுகோஷ் என்ற ஊரில் பிறந்தவர். இன்றைக்கு அந்த ஊர் ருமேனியாவில் இருக்கு. ஊர்ப் பேரையே மேடைப் பேராக்கிக்கிட்டார். புடாபெஸ்ட் தேசிய நாடக அரங்கில் நடிகர். முதல் உலகப்போரில் காலாட்படையில் சண்டை போட்டு காயம் பட்டவர். 1919-ல் ஹங்கேரியில் சில மாதங்களே நீடித்த கம்யூனிஸ்ட் ஆட்சியின்போது நடிகர்களுக்குச் சங்கம் கட்டினார். ஆட்சி கவிழ்ந்ததும் உயிருக்கு ஆபத்து. வியன்னா, பெர்லின்னு ஓடி, 1920 கடைசியில் கப்பல் தொழிலாளியா நியூ ஆர்லியன்ஸ்ல வந்து இறங்கினார். அப்போ வயசு 38.

இங்கிலீஷ் தெரியாது. 1922-ல் கிடைத்த முதல் ஆங்கில நாடகத்துக்கு வசனத்தை வெறும் ஒலியா மனப்பாடம் பண்ணி நடிச்சார். 1927-ல் பிராட்வே மேடையில் டிராகுலா. 1931-ல் அதே வேஷம் சினிமாவில். படம் பெரிய ஹிட். அவருக்குக் கிடைச்சது வாரம் 500 டாலர், ஏழு வாரத்துக்கு மொத்தம் 3,500. அவ்வளவுதான்.

எந்த உச்சரிப்பு அவரைத் தூக்கி விட்டதோ அதுவே கதவையும் சாத்திடுச்சு. காதலனா, வக்கீலா, சாதாரண அப்பாவா நடிக்க யாரும் கூப்பிடலை. பைத்தியக்கார விஞ்ஞானி, பேய், கொலைகாரன், திரும்பத் திரும்ப இதேதான்.

இப்ப என் ஏரியாவுக்கு வர்றேன். 1930-களில் அவருக்குக் கடுமையான கால் வலி. சயாட்டிகா. இடுப்பில் நரம்பு வேர் அழுந்தி, புட்டத்திலிருந்து கணுக்கால் வரை மின்சாரம் பாய்ற மாதிரி இழுக்கும். வலிக்கு மருந்தாத்தான் மார்ஃபின் அவர் உடம்புக்குள்ள போச்சு. போதைக்காகத் தேடிப் போனதில்லை. பின்னாடி மெத்தடோன், டெமரால்.

இந்த வகை மருந்துகளோட குணம் இதுதான்: நேற்று கேட்ட டோஸ் இன்னிக்கு கேட்காது. கூட்டணும். நிறுத்தினா கண்ணு மூக்கு ஒழுகும், வயிறு புரட்டும், எலும்பெல்லாம் வலிக்கும், தூக்கம் போயிடும். நோயாளி அதையும் "பழைய வலி திரும்பிடுச்சு"ன்னே நினைப்பார், மறுபடி மருந்தைத் தொடுவார். நாள்பட்ட நரம்பு வலிக்கு இவை பெருசா உதவுறதும் இல்லை. இன்னைக்கும் பழைய சீட்டை வச்சே வலி மாத்திரை வாங்கிச் சாப்பிட்டுட்டு "அது இல்லாம முடியலை டாக்டர்"னு வர்றவங்களைப் பார்க்கிறேன். அவங்க யாரும் தங்களை அடிமைன்னு நினைக்கிறதில்லை.

இருபது வருஷம் கிட்ட ஓடிச்சு. வாய்ப்பு வத்திப் போச்சு, பணம் இல்லை, நாலாவது மனைவியும் பிரிஞ்சுட்டார். கடைசியில் எட் வுட் என்பவரின் அடிமட்ட பட்ஜெட் படங்கள்தான்.

1955 ஏப்ரல். 72 வயசு. யாரும் பிடிச்சுக் கொடுக்கலை. அவரே போய், என்னை அடிமை மீட்பு சிகிச்சைக்கு அனுப்புங்கன்னு நீதிபதி முன்னால கேட்டார். கலிபோர்னியா, நார்வாக்கில் உள்ள அரசு மனநல மருத்துவமனையில் சேர்த்தாங்க. ஹாலிவுட் நட்சத்திரங்கள் இதை மூடி மறைச்ச காலம் அது. இவரோ பத்திரிகைக்காரங்க கிட்டயே வெளிப்படையா பேசினார். என்னைக் கேட்டா, அவர் வாழ்க்கையின் பெரிய காட்சி டிராகுலா இல்லை, இதுதான்.

ஆகஸ்டில் வெளியே வந்தார். அதே மாசம் ஐந்தாவது கல்யாணம். கிட்டத்தட்ட ஒரு வருஷம். 1956 ஆகஸ்ட் 16-ல் மாரடைப்பில் போயிட்டார்.

அடக்கம் பண்ணும்போது டிராகுலா அங்கியைப் போட்டுவிட்டாங்க. அவர் கேட்டுக்கிட்டதா ஊரெல்லாம் சொல்லும். உண்மையில் மகனும், மகனோட அம்மாவும் எடுத்த முடிவு அது.