மருவூர்ப்பாக்கத்து மக்கள்

களனி கங்கையைக் கடப்பதற்குப் போர்த்துக்கேயர் பயன்படுத்திய ஓடத்துறையே இன்று கிராண்ட்பாஸ் என்று நம் நாவில் வழங்குகின்றது. பெருந்துறை என்பதே அப்பெயரின் பொருள். 1822இல் ஆங்கிலேயர் அங்கே படகுகளை வரிசையாகப் பிணைத்துப் பாலமிட்டனர். 1895இல் விக்டோரியா பாலம் எழுந்தது. ஓடம் மறைந்தது, துறையின் குணம் மறையவில்லை. துறைமுகத்திலும் புறக்கோட்டையிலும் மூட்டை சுமக்கும் நாட்டாமைகள், கைவண்டி இழுப்போர், அச்சுக்கோப்போர், சிறுகடை வைத்திருப்போர் எனத் தமிழரும் சிங்களவரும் முஸ்லிம்களும் சுவரோடு சுவர் ஒட்டிய வீடுகளில் வாழ்ந்த பகுதி இது. 'வீரகேசரி' நாளிதழ் பல்லாண்டுகளாக அச்சேறியதும் இத்தெருவிலேதான்.

இப்பகுதி மாணவர்களுக்கு ஏதென்ஸ் நகரின் வரலாற்றை ஒருமுறை சொல்லிக்கொண்டிருந்தோம். குடிமக்கள் குன்றின்மேற் கூடிப் போரையும் சமாதானத்தையும் தாமே தீர்மானித்த கதையைக் கேட்டிருந்த ஒரு மாணவன் எழுந்து, "சேர், அந்தச் சபையிலே துறைமுகத் தொழிலாளிக்கு இடம் இருந்ததா?" என்று வினவினான். பாடநூலில் அதற்கு விடை இல்லை. ஆனால் கிரேக்க நாகரிகத்தைப் பற்றிக் கேட்கப்படவேண்டிய முதற் கேள்வியே அதுதான் என்று அன்று நமக்குத் தோன்றிற்று.

இருந்தது என்றும் சொல்லலாம். இல்லை என்றும் சொல்லலாம். கப்பலில் துடுப்பு வலித்த ஏழைக் குடிமகனுக்கு ஏதென்ஸ் வாக்குரிமை அளித்தது. இரண்டாயிரத்து ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன் அது சிறிய காரியமன்று. அதனைக் குறைத்துப் பேசுவோர் வரலாறு அறியாதார். ஆயின் குடிமகன் யார்? கி.மு. 451இல் பெரிக்கிளீஸ் கொண்டுவந்த சட்டத்தின்படி, தாய் தந்தை இருவரும் ஏதென்ஸ் குடிகளாயிருந்தாலன்றி ஒருவன் குடிமகனாக இயலாது. பெண்ணுக்குச் சபையில் இடமில்லை. அடிமைக்கு எதுவுமே இல்லை. வெளியூரிலிருந்து வந்து தலைமுறை தலைமுறையாகத் தொழில் செய்தவன், ஆண்டொன்றுக்குப் பன்னிரண்டு திராக்மா வரி கட்டியும், அந்நகரின் போர்களிற் பங்குகொண்டும், நிலம் வாங்க உரிமையின்றி அந்நியனாகவே இறந்தான்.

இவ்வந்நியர் மிகுந்து வாழ்ந்த இடம் பிரேயஸ் துறைமுகம். சிராக்கியூஸ் நகரிலிருந்து வந்து குடியேறிய கெபலஸ் என்னும் வணிகனின் குடும்பம் அங்கிருந்தது. அவன் மைந்தர்கள் நூற்றிருபது அடிமைகளைக்கொண்டு கேடயம் செய்வித்த செல்வர்கள். ஆயினும் குடியுரிமை இல்லாதவர்கள். நீதி என்றால் யாது என்று சோக்கிரட்டீஸ் உரையாடும் 'குடியரசு' நூலின் களமாகப் பிளேட்டோ தேர்ந்தது இக்குடும்பத்தின் வீட்டையே! மற்றொரு பெருநூலாகிய 'அரசியல்' என்பதை எழுதிய அரிஸ்டோட்டிலோ ஸ்தாகிராவிலிருந்து வந்தவர். அவரும் ஏதென்ஸில் வாக்கில்லாத அந்நியரே. அந்நகரம் உலகுக்கு விட்டுச்சென்ற அரசியற் சிந்தனையில் இத்துணைப் பங்கு, அது தன்னவரென்று எண்ண மறுத்தவர்களுடையது.

நமக்கு அத்தகைய நகரம் ஒன்று இருந்ததா என்று வினவினால், தமிழறிந்தார் உடனே காவிரிப்பூம்பட்டினத்தைச் சுட்டுவர். புகார் குடியரசன்று, வேந்தனின் துறைமுகம். மக்கள் வாக்களித்த பேரவையை அங்கே தேடுவது வீண். எனினும் கிரேக்கர் அந்நகரை அறிந்திருந்தனர், கி.பி. 2ஆம் நூற்றாண்டில் தாலமி தம் புவியியலில் அதனைக் 'கபேரிஸ்' என்று குறித்தார். 301 அடிகள் கொண்ட 'பட்டினப்பாலை' அதன் துறையை நமக்குக் காட்டுகின்றது. கடலிலிருந்து இறங்குவனவும் கரையிலிருந்து ஏறுவனவுமான பொதிகளுக்குச் சோழரின் புலி முத்திரை பொறிக்கும் சுங்க அலுவலர், கலத்தில் வந்த குதிரைகள், வண்டியில் வந்த மிளகு, தென்கடல் முத்து, கீழ்க்கடல் பவளம், இவற்றோடு ஈழத்திலிருந்து வந்த உணவுப்பொருள். நம் தீவிலிருந்து அன்று உணவு ஏற்றுமதியாயிற்று என்பதைப் பங்கீட்டு அரிசிக்கு வரிசையில் நின்ற தலைமுறையினர் சற்று வியப்போடுதான் படிப்பர்.

இப்பாடலைப் பொற்காலத்தின் சான்றாகக் காட்டிப் பெருமிதங்கொள்வோர் பலர். அதே பாடல் கரிகாலன் பகைவர் நாட்டு வயல்களைப் பாழாக்கியதையும் புகழ்ந்து பாடுகின்றது என்பதை அவர்கள் விரைந்து கடந்துவிடுவார்கள்.

சிலப்பதிகாரம் இன்னும் நெருங்கிச் சென்று பார்க்கின்றது. புகார் இரண்டு பாக்கங்களாகப் பிளவுண்டிருந்தது. உட்பகுதியாகிய பட்டினப்பாக்கத்தில் அரசவீதி, பெருவணிகர் மாளிகைகள், அந்தணர் தெரு. கடலோரத்து மருவூர்ப்பாக்கத்தில் யவனர் இருப்பிடங்கள், கலமேறி வந்த வேற்றுமொழியாளர் கலந்து வாழ்ந்த கரை, பட்டும் மயிரும் பருத்தியும் நெய்வோர், பிட்டும் அப்பமும் விற்போர், மீனும் உப்பும் கள்ளும் விற்போர், கன்னார், கொல்லர், தச்சர், குயவர், தோல்வேலை செய்வோர், துணி தைப்போர், பாணர். இரண்டுக்கும் நடுவே மரங்களே தூண்களாய் நிற்க நாளங்காடி. செல்வம் விளைந்த பாக்கம் ஒன்று. செல்வம் சேர்ந்த பாக்கம் மற்றொன்று. காவியப் புலவர் கண்டனம் செய்யவில்லை. ஆயினும் உழைப்போரைத் தொழில் தொழிலாக எண்ணி எழுதிவைத்தார். அக்காலத்து அரச சாசனம் எதுவும் நமக்கு இவ்வளவு சொல்வதில்லை.

மண்ணும் சாட்சி சொல்லிற்று. 1960களின் தொடக்கத்தில் இந்தியத் தொல்பொருளியலார் கீழையூரில் அகழ்ந்தபோது, படகுகளைக் கட்டும் மரக்கம்பங்களோடு கூடிய செங்கல் துறைமேடை வெளிப்பட்டது. அதன் மரத்தைக் கரிமக்கணிப்புச் செய்ததில் கிறிஸ்துவுக்கு முந்திய சில நூற்றாண்டுகள் வரை அதன் காலம் செல்லும் எனத் தெரிந்தது. பல்லவனீச்சரத்தில் பௌத்த விகாரையின் எச்சங்கள் கிடைத்தன. இந்திரவிழாவைக் கைவிட்டதால் கடல் நகரை விழுங்கிற்று என்று மணிமேகலை கூறும். மாளிகையும் குடிலும் இன்று ஒருசேர மண்ணடியிலும் நீரடியிலும் கிடக்கின்றன.

ஆனால் நகரம் அங்கேயே முடிந்துவிடவில்லை. அதன் எஞ்சிய வாழ்வு பெரும்பாலும் நம் தீவிலேயே நிகழ்ந்தது. கி.பி. 5ஆம் நூற்றாண்டினர் என்று கருதப்படும் புத்ததத்தர், அநுராதபுரத்து மகாவிகாரை மரபில் நின்று, காவிரிப்பூம்பட்டினத்து விகாரையொன்றிலிருந்து 'அபிதம்மாவதாரம்' என்னும் பாளி நூலை எழுதினார். சோழநாட்டவர் ஒருவரின் அந்நூலைத் தேரவாத நாட்டுப் பிக்குகள் இன்றும் ஓதுகின்றனர். பௌத்தமும் தமிழும் பகைப்பொருள்கள் என்று மேடைகளில் முழங்குவோர் இதனை அறியார் போலும்.

புகாரில் பிறந்த வணிகர் மகள் கண்ணகியோ இங்கே தெய்வமானாள். மட்டக்களப்பில் வைகாசித் திங்களில் கண்ணகி வழக்குரை பாடப்படுகின்றது. ஊர் இரு கட்சியாய்ப் பிரிந்து கொம்பு முறிக்கின்றது. சிங்களக் கிராமங்களில் அதே ஆட்டம் 'அங்கெலிய' ஆகின்றது. அவளே பத்தினித் தெய்யோ. கண்டிப் பெரஹராவில் ஊர்வலம் செல்லும் நான்கு தேவாலயங்களில் ஒன்று அவளுடையது. யாழ்ப்பாணத்தில்தான் சற்று இடர்ப்பாடு. 19ஆம் நூற்றாண்டுச் சைவ மறுமலர்ச்சியாளர்க்குச் செட்டிப்பெண் தெய்வமாவது பொருந்தவில்லை. கண்ணகி கோயில்கள் பல வேறு அம்மன்களின் பெயரைச் சூடிக்கொண்டன. கற்றோர் கைவிட்டதைக் கல்லாதார் காத்தனர்.

அவளை இங்கே கொணர்ந்தவர் யார்? கஜபாகு மன்னன் என்பது விடை. கி.பி. 2ஆம் நூற்றாண்டினனான அவன் சோழநாடு சென்று பத்தினியின் சிலம்பைக் கொண்டுவந்தான் என்று 'இராஜாவலிய' கூறுகின்றது. கொழும்பிலிருந்து களனி கங்கைப் பக்கமாகக் கிழக்கே சென்றால் வரும் நவகமுவ பத்தினி தேவாலயமும் அவன் பெயரோடு தொடர்புபடுத்தப்படுகின்றது. மகாவம்சமோ அம்மன்னனைப் பற்றிப் பேசுங்கால் இப்படையெடுப்பைக் குறிப்பிடவே இல்லை.

கதையின் மறுபாதியே நம் கவனத்துக்குரியது. காவிரியில் வேலை செய்யச் சோழன் இலங்கையிலிருந்து பன்னீராயிரம் பேரைச் சிறைபிடித்துச் சென்றானாம். கஜபாகு அவர்களை மீட்டதோடு அமையாது, சோழநாட்டார் பன்னீராயிரம் பேரையும் கொணர்ந்து அளுத்குருவ, யட்டிநுவர, உடுநுவர முதலிய இடங்களிற் குடியேற்றினானாம். இது நடந்த நிகழ்ச்சியன்று; தென்னிந்தியாவிலிருந்து காலந்தோறும் வந்து சிங்கள சமுதாயத்தோடு கலந்த மக்களின் குடியேற்றத்துக்கு நியாயம் கூறும் புராணம் என்று 1984இல் வெளியான தம் பெருநூலில் கணநாத் ஒபேசேகர நிறுவினார். நாம் அதனை ஏற்கின்றோம். மன்னனின் பெயரால் எழுதப்பட்டது படகோட்டிகளும் நெசவாளரும் உழவரும் செய்த வேலை. மருவூர்ப்பாக்கமே கடல் தாண்டியது, பட்டினப்பாக்கமன்று. அவ்வாறு வந்தவர்களிடம் எவரும் சான்றிதழ் கேட்டதாகக் கதையில் இல்லை.

19ஆம் நூற்றாண்டில் அதே கடலைத் தாண்டி மீண்டும் தொழிலாளர் வந்தனர். தோட்டங்களுக்கும், கொழும்புத் துறைமுகத்துக்கும், நகரசபையின் துப்புரவு வேலைக்கும். கிராண்ட்பாஸ் குடும்பங்களிற் பல அவ்வழி வந்தவை. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் தந்தையின் பிறப்பைக் கேட்டது. பெரிக்கிளீஸ் கேட்டதும் ஏறக்குறைய அதையே. மறு ஆண்டுச் சட்டம், மணமானவர் ஏழு ஆண்டும் மணமாகாதவர் பத்து ஆண்டும் இடையறாது வசித்ததற்குச் சான்று கோரிற்று. நாட்கூலிக்காரன் எந்தப் பெட்டியில் எந்தக் காகிதத்தைப் பூட்டிவைத்திருப்பான்? 1964 அக்டோபர் 30இல் சிறிமாவோவும் சாஸ்திரியும் ஒப்பமிட்டபோது 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு எனப் பங்கிடப்பட்டனர். எஞ்சிய 150,000 பேரைப் பின்னர் பார்த்துக்கொள்வோம் என்று விட்டுவிட்டனர். 1974இல் அவர்களையும் சரிபாதியாகப் பிரித்தனர்.

நாடற்றோராய் மீந்திருந்தவர்களைப் பிரஜைகளாக்கும் சட்டம் 2003இல்தான் நிறைவேறிற்று. வகுப்பில் அக்கேள்வியைக் கேட்ட மாணவனின் பாட்டனார் துறைமுகத்தில் மூட்டை சுமந்தவர். அச்சட்டம் வருவதற்கு முன்பே அவர் இறந்துபோனார்.