கொடுமுடி சுந்தராம்பாள்: வள்ளியும் ஔவையும்

நாடகாசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் 1922-ஆம் ஆண்டில் மறைந்ததைச் சென்ற வாரம் சொல்லி நிறுத்தினோம். அவர் இயற்றிய பாடல்களும் வசனங்களும் அப்பொழுதே தென்னாட்டு நடிகர் அனைவருக்கும் மனப்பாடமாகியிருந்தபடியால், ஓர் ஊரிலிருந்து ராஜபார்ட்டும், மற்றோர் ஊரிலிருந்து ஸ்திரீபார்ட்டும், வேறு திசைகளிலிருந்து பபூனும் ஹார்மோனியக்காரரும் மாலை ரயிலில் வந்திறங்கி, ஒத்திகை என்பதே இல்லாமல் அன்றிரவே மேடையேறி, விடியும்வரை ‘வள்ளி திருமண’த்தையோ ‘பவளக்கொடி’யையோ நடத்திக் காட்டுவது சாத்தியமாயிற்று. ‘ஸ்பெஷல் நாடகம்’ என்று ஜனங்கள் அழைத்தது இதைத்தான். ஒலிபெருக்கி வராத காலம் அது. கொட்டகையின் கடைசி வரிசையில் தரையில் அமர்ந்திருப்பவன் காதிலும் சாகித்தியத்தின் ஒவ்வோர் எழுத்தும் தெளிவாக விழவேண்டும். எதிரில் நிற்பவர் எந்த ராகத்தில் எந்தத் தர்க்கத்தைத் தொடுத்தாலும் அந்தக் கணத்திலேயே பதில் பாடவேண்டும். ‘ஒன்ஸ்மோர்’ என்ற கூச்சல் எழுந்தால், பாடியதையே புதிய சங்கதிகளோடு மறுபடியும் பாடவேண்டும். சாரீரமும் சமயோசிதமும் ஒருங்கே வாய்த்தவர்களே இந்த மேடையில் நின்று பிழைத்தார்கள். அவர்களுள் தலையாயவர் என்று நான் கருதும் ஒரு பெண்மணியின் சரித்திரமே இந்த வாரத்துக்குரியது.

காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில் 1908-ஆம் ஆண்டில் பிறந்தவர் சுந்தராம்பாள். தாயார் பாலாம்பாள், குடும்பத்தின் சொத்து வறுமை ஒன்றே. சிறுமியாயிருந்தபோது ரயில் வண்டியில் பாடிக்கொண்டு சென்ற அவருடைய குரல், ரயில்வே உத்தியோகஸ்தரும் திருச்சி நாடக உலகில் பெரும்புள்ளியுமான எஃப். ஜி. நடேசய்யரின் செவியில் விழுந்ததென்றும், அவர் வழியாக வேலு நாயர் கம்பெனியில் இடம் கிடைத்ததென்றும் சொல்லப்படுகிறது. முதல் வேஷம் ‘நல்லதங்காள்’ நாடகத்தில் அவளுடைய பிள்ளைகளுள் ஒருவன். பசித்த குழந்தையாக நடிப்பதற்கு அந்தச் சிறுமிக்கு எவரும் கற்பிக்கவேண்டிய அவசியம் இருந்திராது.

பெண்கள் மேடையேறுவதைச் சமூகம் அன்று எப்படிப் பார்த்தது என்பதை இங்கே கூறாமற் போவது நியாயமன்று. பாய்ஸ் கம்பெனிகளில் ஸ்திரீ வேஷங்களைச் சிறுவர்களே தரித்தார்கள். ஆண்களுக்குச் சரிநிகராக ஒரு பெண் நின்று பாடினால், அவளுடைய பாட்டை விடிய விடியக் கேட்டுக் களித்தவர்களே மறுநாட்காலை அவளைப் பற்றி இழிவாகப் பேசத் தயங்கமாட்டார்கள். அந்தச் சூழலில், இருபது பிராயம் நிறைவதற்குள் இலங்கைக்குச் சென்று கொழும்பு மேடைகளில் நாயகியாகப் பெரும் பெயர் பெற்றார் சுந்தராம்பாள்.

செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பா 1926-ஆம் ஆண்டு வாக்கில் அங்கே வந்து சேர்ந்தார். கன்னையா கம்பெனியில் புகழ்பெற்ற அந்த இளைஞர், தமையனார் காசி ஐயரின் ஹார்மோனியத்தைத் துணையாகக் கொண்டு, உச்ச ஸ்தாயியில் பறவையைப்போல் சஞ்சரிக்க வல்லவர். சுந்தராம்பாளோடு பாடி ஈடுகொடுக்க முடியாதென்று அவரைச் சிலர் எச்சரித்ததாக ஒரு வழக்கு உண்டு. இருவரும் ‘வள்ளி திருமண’த்தில் சேர்ந்து நின்றபோது, வள்ளிக்கும் வேலனுக்கும் நடக்கும் தர்க்கம், இணையான இரண்டு வித்வத்துக்களின் சம்வாதமாகவே மாறிவிட்டது. மேடையில் தொடங்கிய அந்த நேசம் 1927-இல் மாயவரத்தில் விவாகமாக முடிந்தது. கிட்டப்பாவுக்கு முன்னமே ஒரு மனைவி இருந்தபடியால், இந்த இல்லறத்தில் நிம்மதி நிலைக்கவில்லை. பிறந்த குழந்தையும் தங்கவில்லை. பிரிவும் மனஸ்தாபமும் மாறி மாறி வந்தன. 1933-ஆம் வருஷம் டிசம்பர் 2-ஆம் தேதி, 28 வயது நிறையுமுன்னரே, கிட்டப்பா காலமானார்.

சுந்தராம்பாளுக்கு அப்பொழுது வயது 25. வெண்ணிறக் கதர் உடுத்தி, எந்த ஆண் நடிகருக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்று அவர் சங்கற்பம் செய்துகொண்டார். பதிபக்தியின் சிகரம் என்று இதைப் போற்றியவர்கள் பலர். அந்தத் துக்கத்தின் உண்மையை நானும் வணங்குகிறேன். ஆயினும், கலையின் திக்கிலிருந்து நோக்கும்போது இதில் வேறொரு மகத்துவமும் புலப்படுகிறது. வள்ளியும் பவளக்கொடியும் காதல் நாயகிகள். ஸ்பெஷல் நாடகத்தின் ஸ்திரீபார்ட் முழுவதுமே சிருங்காரத்தின் மீது நிற்பது. அதை உதறிய ஒரு நடிகைக்கு அன்றைய மேடை கொடுக்கக்கூடிய வேஷம் என்று ஒன்றும் மீதியில்லை. இல்லாத இடத்தை அவர் உண்டாக்கிக்கொண்டார். காதலியாகவும் மனைவியாகவும் நிற்காமலே ஒரு பெண் நாடகத்தின் நடுநாயகமாக விளங்கலாம் என்பதைத் தம்முடைய குரல் ஒன்றைக்கொண்டே அவர் ஸ்தாபித்தார்.

அதன் முதற்படி ‘நந்தனார்’. 1935-இல் வெளிவந்த அப்படத்தில் நடிக்க மனமில்லாத அவர், எவரும் தரமாட்டார்கள் என்று எண்ணி ஒரு லட்சம் ரூபாய் கேட்டாரென்றும், தயாரிப்பாளர் அசன்தாஸ் அதற்கும் இசைந்துவிட்டாரென்றும் கூறுவார்கள். ஆண் வேஷம் தரித்து நந்தனாராக அவர் நடிக்க, மகாராஜபுரம் விசுவநாதையர் வேதியராக வந்தார். படத்தை ‘ஆனந்த விகட’னில் விமர்சித்த கல்கி, பனைமரமும் எருமைக்கடாவும் இயற்கையாக நடித்தனவென்று எழுதிப் பிரசித்தி பெற்றார். நடிப்பைப் பற்றி அந்தத் தீர்ப்பு எப்படியாயினும், ஒரு பெண்ணின் குரல் சிருங்காரத்தின் துணையின்றி முழுநீளக் கதையொன்றைத் தாங்கும் என்பது அன்றே நிரூபணமாகிவிட்டது. 1940-இல் ‘மணிமேகலை’; அங்கும் அரசகுமாரனின் காதலை மறுத்துத் துறவு பூண்டவளின் கதையே. பிறகு ஜெமினி எஸ். எஸ். வாசன் தயாரித்து 1953-இல் வெளியிட்ட ‘ஔவையார்’ வந்தது. அதன் பின் தமிழ் மக்கள் ஔவையை நினைக்குந்தோறும் சுந்தராம்பாளின் முகத்தையே நினைத்தார்கள்.

மேடையின் மற்றொரு பாத்தியதையையும் அவர் விடவில்லை. வேலன் வேடத்திலேயே தேசியப் பாட்டைப் பாடிச் சிறைசென்ற விசுவநாததாஸின் காலத்து நாடகக்காரர் அல்லவா! காங்கிரஸ் கூட்டங்களில் ஜனத்திரளைச் சேர்த்து வைத்ததில் அவருடைய பாட்டுக்குப் பெரும் பங்குண்டு; காங்கிரஸ் தலைவர் சத்தியமூர்த்தி அதன் வலிமையை நன்கு அறிந்திருந்தார். பிற்காலத்தில் சட்ட மேலவையில் அங்கத்தினராகவும் சுந்தராம்பாள் வீற்றிருந்தார்.

1964-இல் ‘பூம்புகா’ரில் கவுந்தியடிகள், மறு வருஷம் ‘திருவிளையாட’லில் மீண்டும் ஔவை. அந்தப் படத்தில், கனிக்காகக் கோபித்துச் சென்ற முருகனை நோக்கி அவர் பாடும்போது கவனித்துக் கேட்டவர்களுக்கு ஒன்று தெரிந்திருக்கும்: ஒலிவாங்கி அருகில் இருக்கிறதே என்று அவர் குரலைச் சுருக்கவில்லை, கடைசி வரிசைக்காகப் பாடிய அதே திறந்த தொண்டை, அதே அட்சர சுத்தம், அதே நிரவல். ஸ்பெஷல் நாடக மேடையின் பாட்டு எப்படியிருந்தது என்று அறிய விரும்பும் இளைஞர்கள், மூன்றே நிமிஷத்தில் முடிந்துவிடும் பழைய இசைத்தட்டுகளோடு இந்தப் படங்களையும் சேர்த்துக் கேட்கவேண்டும். அறுபது பிராயம் கடந்தபின், ‘துணைவன்’ படத்தில் பாடியதற்காக 1969-ஆம் ஆண்டின் சிறந்த பின்னணிப் பாடகிக்குரிய தேசிய விருது அவருக்குக் கிடைத்தது, 1970-இல் பத்மஸ்ரீ, 1980-இல் காலமானார். விருதுக்குரிய அந்தப் பாட்டிலும் சுருதி சற்றும் இறங்கவில்லை.