விதியின் கணக்கர்கள்

தன் கைக்கு அடங்காத காரியங்கள் தன் வாழ்வில் நடந்தேறுவதைக் கண்ட நாள்தொட்டு, அவற்றை நடத்துவது யார் என்று கேளாத மக்கட் கூட்டம் உலகில் இல்லை. அந்தக் கேள்விக்கு விடையாக ஓர் உருவத்தைக் கற்பிக்காத தேசமும் இல்லை. ஆயினும் அந்த உருவம் எங்கும் ஒரே தன்மையாக இருக்கக் காணோம். ஒவ்வொரு சமுதாயமும் தான் அன்றாடம் புழங்கிய கருவிகளையே எடுத்து விதியின் கைகளில் கொடுத்திருக்கிறது. வட ஐரோப்பாவின் குளிர்நாட்டார் விதியை, மரச்சீவலும் நூலும் கொண்டு வேலை செய்யும் பெண்களாகக் கண்டார்கள். தமிழ்நாட்டார் அதை ஓலையும் எழுத்தாணியும் ஏந்திய கணக்கராகக் கண்டார்கள். அந்தக் கணக்கரின் பூர்வ சரித்திரத்தையும், சென்னையின் தென்புறத்து நங்கநல்லூர் போன்ற ஊர்களில் அதன் தொடர்ச்சியாக இன்றளவும் நிலவும் வழக்கங்களையும் சற்று விரிவாக நோக்குவதே இக்கட்டுரையின் கருத்து.

முதலில் வட ஐரோப்பியரின் கதையைப் பார்ப்போம். ஐஸ்லாந்தைச் சேர்ந்த ஸ்னோரி ஸ்டுர்லுசன் என்ற புலவர் சுமார் 1220-இல் இயற்றிய உரைநடை எட்டாவும், அந்நூற்றாண்டிலேயே ஏட்டில் ஏறிய பழம்பாடல்களும் அந்நாட்டாரின் தெய்வக் கதைகளை நமக்குக் காத்துத் தந்தவை. உலகங்களையெல்லாம் தாங்கி நிற்கும் யிக்த்ரசில் என்னும் மகாவிருட்சத்தின் அடியில் ஒரு சுனை உண்டென்றும், அதன் கரையில் ஊர்த், வெர்தந்தி, ஸ்குல்த் என்று நார்ன்கள் எனப்படும் விதிப்பெண்கள் மூவர் வசிக்கிறார்கள் என்றும், மரத்தின் கிளைகள் உளுத்துப்போகாதபடி சுனைநீரையும் அங்குள்ள வெண்ணிறச் சேற்றையும் நாள்தோறும் அதன்மீது அவர்கள் பெய்து வருகிறார்கள் என்றும் அவை கூறுகின்றன. மரச்சீவல்களில் கீறி மனிதருடைய ஆயுளை நிர்ணயிப்பவர்களும் அவர்களே. ஹெல்கி என்ற வீரன் பிறந்த இரவில் நார்ன்கள் வந்து, விதியின் இழைகளை முறுக்கி, அவற்றை வானத்தின் நடுவே கட்டிச் சென்றதாக ஒரு பாடல் வருணிக்கிறது.

இந்தப் பெண்களின் தீர்ப்புக்கு மேல் விண்ணப்பம் செய்துகொள்ள அந்நாட்டாருக்கு ஒரு சந்நிதியும் இருந்ததில்லை. தேவர்களின் தலைவனான ஓடின், ஞானத்துக்காகத் தன் ஒரு கண்ணையே ஈடாகக் கொடுத்தவன். தன் குலத்துக்கு ராக்னரோக் என்னும் அந்திமப் போர் வரும், அதில் ஓநாய் ஒன்றின் வாயில் தான் மடிய வேண்டும் என்பதையும் முன்னமே அறிந்தவன். அறிந்தும் அவனால் அதைத் தடுக்க முடியவில்லை. மாண்ட வீரர்களைத் திரட்டிக்கொண்டு, தோற்கப்போகும் போருக்கு மனந்தளராமல் ஆயத்தம் செய்கிறான். விதி நிச்சயமானது, அதை எதிர்கொள்ளும் ஆண்மை ஒன்றே நம்முடையது என்பது அவர்கள் கண்ட தர்மம். அதன் கம்பீரத்தை யாரும் மறுக்க இயலாது.

தமிழகத்திலோ ஆதியில் விதிக்கு முகம் இருந்ததில்லை. தொல்காப்பியம் பால்வரை தெய்வம் என்று ஒன்றைக் குறிப்பிடுகிறது. தலைவனையும் தலைவியையும் எதிர்ப்படுத்திக் கூட்டுவிப்பது பாலின் ஆணை என்றும் சொல்லுகிறது. ஆனால் அத்தெய்வத்தின் வடிவம் இன்னதென்றோ, வாகனம் இன்னதென்றோ சொல்லவில்லை. புறநானூற்றின் 192ஆம் பாட்டில் கணியன் பூங்குன்றனார் மனித உயிரை, மலையாற்றின் வெள்ளத்தோடு போகும் தெப்பமாகக் காண்கிறார்; நீர் இழுக்கிறது, தெப்பம் செல்கிறது, இடையில் வேண்டிக்கொள்ளத்தக்க ஆள் எவரும் இல்லை. சிலப்பதிகாரமோ, ஊழ்வினை உருக்கொண்டு வந்து பயனை ஊட்டியே தீரும் என்பதைத் தன் நோக்கங்கள் மூன்றனுள் ஒன்றாகவே வைத்துக்கொண்டது. திருவள்ளுவர் ஊழுக்கு ஓர் அதிகாரம் வகுத்து அதன் வலிமையைப் பத்துக் குறட்பாக்களில் உரைத்தவர். அவரே ஆள்வினையுடைமை என்ற அதிகாரத்தில், சோர்வின்றி முயல்பவர் ஊழையும் புறங்காண்பர் என்று கூறி மனிதனுக்கு ஒரு வாயிலைத் திறந்தும் வைத்தார்.

அந்த வாயிலை அடைத்தே வைத்த சமயம் ஒன்றும் இந்நாட்டில் நெடுங்காலம் வாழ்ந்தது. வட இந்தியாவில் மற்கலி கோசாலரைத் தலைவராகக் கொண்டு ஓங்கிய ஆசீவகம், எல்லாம் நியதிப்படியே நிகழும், முயற்சியால் ஒரு துளியும் மாறாது என்று போதித்தது. அசோகச் சக்கரவர்த்தி பராபர் மலையில் குகைகளைக் குடைவித்து அச்சமயத் துறவிகளுக்குத் தானம் செய்தார். வடக்கே அது மங்கிய பிறகும் தென்னாட்டில் நிலைத்தது. மணிமேகலையிலும் நீலகேசியிலும் ஆசீவகரோடு வாதம் நிகழ்கிறது. 13ஆம் நூற்றாண்டுச் சாசனங்களிலும் அவர்கள்மீது விதிக்கப்பட்ட வரி குறிக்கப்படுகிறது. அதன் பின்னர் அச்சமயம் சுவடின்றி மறைந்தது. கருணைக்கு இடமற்ற நியதியைத் தமிழ் மக்களின் நெஞ்சம் இறுதியில் ஏற்கவில்லை என்றே நான் கருதுகிறேன்.

ஏற்காத நெஞ்சம் எதைப் படைத்துக்கொண்டது என்பதற்கு 7ஆம் நூற்றாண்டிலேயே சான்று கிடைக்கிறது. கும்பகோணத்தை அடுத்த இன்னம்பூரில் எழுந்தருளிய ஈசனை அப்பர் பெருமான் பாடும்போது, அழுது தொழும் அன்பரையும் வீண்பொழுது போக்குவாரையும் தனித்தனியே கணக்கில் எழுதிக்கொள்பவன் என்கிறார். அத்தலத்து இறைவனுக்கு எழுத்தறிநாதர் என்பது திருநாமம். கோயில் கணக்கரான சுதன்மன் என்பவரின் கணக்கைச் சோழ மன்னன் ஐயுற்றபோது, இறைவனே அவர் உருவில் அரசவை சென்று கணக்கை ஒப்புவித்தான் என்பது தலபுராணம். அடியவனின் கணக்கை எழுதும் கடவுள், கணக்கனுக்காகத் தானே கணக்கனாய் நின்றான் என்று ஒரு புராணம் பிறக்க வேண்டுமானால், அந்த நாட்டில் கணக்கு எழுதுதல் எத்துணை மதிப்புக்குரிய தொழிலாய் இருந்திருக்க வேண்டும்! நிலம் அளப்பதும், இறை விதிப்பதும், விளக்கெரிக்க விட்ட ஆடுகளை எண்ணுவதும், எல்லாம் ஓலையில் ஏறிக் கல்லில் பதிந்த சோழநாட்டில், பாவபுண்ணியமும் ஓலையில் ஏறாமல் இருக்க முடியாது.

புராணங்கள் வழங்கிய சித்திரகுப்தர் அந்த மண்ணில் நன்றாக வேரூன்றினார். யமதர்மராஜனின் சபையில் உயிர்களின் நடத்தையை எழுதும் அவருக்குக் காஞ்சீபுரத்தில் தனிக்கோயிலே உண்டு. நெல்லுக்காரத் தெருவிலுள்ள அக்கோயிலில், வலக்கையில் எழுத்தாணியும் இடக்கையில் ஏடுமாக அவர் அமர்ந்திருக்கிறார். கிராமக் கணக்குத் தொழிலைப் பரம்பரையாகச் செய்துவந்த கருணீகர், அவரைத் தம் குலத்தோடு உறவுடையவராகப் போற்றினர். அந்தப் பரம்பரைக் கர்ணம் பதவி 1980-இல் தமிழ்நாட்டு அரசால் ஒழிக்கப்பட்டது. ஆயினும் சித்திரா பௌர்ணமியன்று அவருக்கு நோன்பு நோற்கும் குடும்பங்கள் இன்றும் உள்ளன. பூஜையறையில் மாக்கோலத்தால் அவருடைய உருவத்தை வரைந்து, அருகே ஏடும் எழுத்தாணியும், அவை கிடையாத வீட்டில் நோட்டுப் புத்தகமும் பேனாவும் வைத்து, மலையளவு செய்த பாவத்தைக் கடுகளவாகவும் கடுகளவு செய்த புண்ணியத்தை மலையளவாகவும் எழுதிக்கொள்ளும்படி வேண்டுவார்கள். அவர் காமதேனுவின் வயிற்றில் உதித்தவர் என்ற ஐதிகம் பற்றி, அன்று பசும்பாலையும் அதன் தயிரையும் நெய்யையும் நோன்பிருப்போர் விலக்குவர். நார்ன்களிடம் இப்படிக் கேட்க முடியுமா?

இனி, பிறந்த குழந்தையின் தலையில் எழுதும் பிரம்மதேவனைப் பற்றி நம் பாட்டிமார் சொல்லிவந்த கதை ஒன்று. வனத்தில் ஒரு முனிவர் யாத்திரை சென்றிருந்த சமயம், ஆசிரமத்தில் அவர் மனைவிக்குப் பிரசவம் ஆயிற்று. வாயிலில் காவலிருந்த சிஷ்யன், இரவில் உள்ளே நுழைய வந்த ஒரு கிழவரைத் தடுத்தான். நான் பிரம்மா, எழுத வந்திருக்கிறேன் என்றார் அவர். என்ன எழுதப்போகிறீர் என்றால், அது எனக்கும் தெரியாது, எழுத்தாணியைத் தலையில் வைப்பது மட்டுமே என் வேலை, பூர்வகர்மமே அதை நகர்த்தும் என்றார். திரும்பி வருகையில் அவன் வற்புறுத்தவே, ஓர் எருமையும் ஒரு மூட்டை அரிசியுமே இவன் வாழ்நாளில் கண்ட சொத்து என்று எழுத்தைச் சொல்லிப் போனார். ஆண்டுகள் பல கழித்து வந்த சிஷ்யன், எழுதியபடியே ஓர் எருமையோடும் ஒரு மூட்டை அரிசியோடும் வறுமையில் உழன்ற குருபுத்திரனைக் கண்டான். "இன்றைக்கே எருமையை விற்றுவிடு, அரிசியைச் சமைத்து ஏழைகளுக்கு அன்னமிடு, நாளைக்கென்று ஒரு மணியும் வைக்காதே" என்றான். மனமில்லாமல் அவனும் அப்படியே செய்தான். பொழுது விடிந்தது; கொட்டிலில் ஓர் எருமை நின்றது, பக்கத்தில் ஒரு மூட்டை அரிசி இருந்தது. எழுதிய எழுத்து பொய்க்கலாகாதே! அன்றுமுதல் நாள்தோறும் விற்பனையும் அன்னதானமும் நடந்தன. கடைசியில் ஒருநாள் வைகறையில், தலையில் மூட்டையும் கையில் எருமையின் கயிறுமாக வந்த பிரம்மதேவனே, தம்மை இந்த வேலையிலிருந்து விடுவிக்கும்படி சிஷ்யனை இறைஞ்சினார்.

எழுத்தை அழிக்காமலே அதன் பயனை மாற்றிக்கொண்ட இந்தக் கதையோடு வட ஐரோப்பியரின் கதை ஒன்றை ஒப்பிடலாம். நார்னகெஸ்த் என்பவன் தொட்டிலில் கிடந்தபோது வந்த தீர்க்கதரிசினிகள் மூவருள் இளையவள் கோபங்கொண்டு, அருகில் எரியும் மெழுகுவர்த்தி தீரும்வரையே இவன் வாழ்வான் என்றாள். மூத்தவள் உடனே அதை அணைத்துத் தாயின் கையில் கொடுத்தாள். 300 ஆண்டுகள் வாழ்ந்த அவன், நார்வே அரசன் ஓலாவ் திரிக்வசனின் அவையில் அந்தத் திரியை ஏற்றச் செய்து, அது அணைந்ததும் உயிர் நீத்தான். அங்கே கருணையால் கிடைத்தது தவணை. இங்கே ஈகையால் கிடைத்தது விடுதலை. இதுவே இரு நாட்டாருக்கும் உள்ள பேதம்.

இவ்வளவு சரித்திரத்தின் எச்சமும் இன்றைய நங்கநல்லூர் வீடுகளில் வாழ்கிறது. பழவந்தாங்கல் ரயில் நிலையத்தை அடுத்துள்ள இவ்வூர், ஆலந்தூர் நகராட்சியில் இருந்து 2011-இல் சென்னை மாநகராட்சியோடு சேர்ந்தது. ஓய்வுபெற்ற உத்தியோகஸ்தர்கள் மிகுந்தது. தெருவுக்குத் தெரு கோயில் உடையது. இங்கே ஒரு வீட்டின் பீரோவைத் திறந்தால், நான்கு மூலையிலும் மஞ்சள் தடவிய ஜாதக நோட்டு கிடைக்கும். ராசிக் கட்டத்தையும் அம்சக் கட்டத்தையும் அடுத்து, கர்ப்பச்செல் போக நின்ற தசை இருப்பு இத்தனை வருஷம், இத்தனை மாதம், இத்தனை நாள் என்று எழுதியிருக்கும். ஒன்பது கிரகங்களுக்கும் பங்கிடப்பட்ட 120 ஆண்டுகளில், சந்திரன் நின்ற நட்சத்திரத்தில் கழிந்த பாகத்துக்கு உரியதைச் செலவில் தள்ளி, மிச்சத்தை இருப்பாகக் காட்டும் முறை இது. பேரேடு எழுதும் கணக்கரின் நடையேதான் ஜாதகத்தின் நடையும்.

அந்த 120-இல் 19 ஆண்டுகள் சனீசுவரனுக்கு உரியவை. ராசிச் சக்கரத்தை ஏறத்தாழ 30 ஆண்டுகளில் சுற்றிவரும் அவர், ஜன்ம ராசியிலும் அதன் முன்பின் ராசிகளிலும் தங்கும் ஏழரை ஆண்டுகளை எண்ணி அஞ்சாதார் சிலரே. அந்த அச்சத்துக்கு நங்கநல்லூர் வைத்துள்ள மருந்து ராம்நகரில் நிற்கும் ஆஞ்சநேயர். ஒரே கல்லில் வடித்த 32 அடி உயரத் திருமேனி அது. கும்பாபிஷேகம் நடந்தது 1995-இல். சேது கட்டும்போது அநுமனைப் பிடிக்க வந்த சனி அவர் தலைமேல் ஏறி உட்கார, அநுமன் தாம் சுமக்கும் பாறைகளையும் அங்கேயே அடுக்க, நசுங்கிய சனி இறங்கி, ராமபக்தரைத் துன்புறுத்துவதில்லை என்று வாக்களித்தார் என்பது வழங்கும் கதை. சனிக்கிழமைதோறும் வடைமாலையும் வெற்றிலைமாலையும் சாற்ற வருவோரின் நம்பிக்கைக்கு இதுவே ஆதாரம். இங்கும் சனியின் காலம் ஒழிக்கப்படவில்லை. எடுத்த வேலையை விடாதவன் அதன் பாரத்தைத் தாங்கிக் கடந்தான் என்பதே சொல்லப்படுகிறது.

ஆகவே, விதியை நம்புவோர் சோம்பேறிகள் என்று பொதுவாகச் சொல்லப்படும் பழி, இந்த வழக்கங்களை உண்டாக்கியவர்களுக்குப் பொருந்தாது. கணக்கு என்று ஒன்று இருந்தால் அதில் வரவு வைப்பவன் நான், செலவு செய்பவனும் நான். எழுதும் கை மட்டுமே பிறருடையது என்ற பொறுப்புணர்ச்சியை அவர்கள் கற்பித்தார்கள். முகமற்ற நியதியைக் கைவிட்டு, முறையிடத்தக்க ஒரு கணக்கரை வரித்துக்கொண்டது தமிழர் செய்த பெரிய ஆன்மிகத் தேர்வு. சித்திரகுப்தர் கோலத்தைக் கையால் போடவும், நோன்புக் கதையைப் பிசகாமல் சொல்லவும் அறிந்த மூதாட்டிகள் ஒவ்வொரு தெருவிலும் குறைந்து வருகிறார்கள். அவர்கள் வாய்மொழியை அவரவர் வீட்டுப் பிள்ளைகள் கேட்டு எழுதி வைப்பது, இந்தச் சித்திரை மாதத்திலேயே தொடங்கத்தக்க கடமை.