பாயில் இல்லாத பெயர்



பத்தமடை என்றால் வெளியூர்க்காரர்கள் இரண்டு விஷயம் சொல்வார்கள். 1887-ல் இங்கே பிறந்த சுவாமி சிவானந்தர் ஒன்று, கோரைப்பாய் மற்றொன்று. பாய்ப் பேச்சு எடுத்தாலே 1953-ல் எலிசபெத் ராணி முடிசூட்டுக்கு நம்மூர்ப் பாய் போன கதையும் வந்துவிடும். அதை நெய்யும் பெண்களைப் பற்றித்தான் யாரும் அதிகம் பேசுவதில்லை.

ஆற்றங்கரைக் கோரையைப் பச்சையாக அறுத்துக் காயவைத்து, கீறி, உள்ளே இருக்கும் சோற்றை நீக்கி, ஓடுகிற தண்ணீரில் பல நாள் ஊறப்போட்டு, மறுபடி காயவைத்து, நூல்போல மெல்லிசாகக் கிழிக்க வேண்டும். அதன்பிறகுதான் பாவில் ஏற்ற முடியும். கோரை வாங்குவது, பாய் விற்பது எல்லாம் பெரும்பாலும் ஆண்கள் கையில். கிழிப்பதும் நெய்வதும் வீட்டுக்குள், சமையலுக்கும் பிள்ளைகளுக்கும் நடுவே, பெண்கள் செய்வது. அவர்களில் அதிகம் பேர் நம் முஸ்லிம் வீட்டுப் பெண்கள். கல்யாணப் பட்டுப்பாயில் பெண் பெயர், மாப்பிள்ளை பெயர், தேதி எல்லாம் நெய்து தருவார்கள். தன் பெயரை மட்டும் போடுவதில்லை. (நாங்களும் பள்ளிப் பதிவேட்டில் அப்பா தொழிலைத்தானே கேட்டு எழுதினோம்!)

நைசான பாய் ஒன்று முடிய வாரக்கணக்கில் ஆகும், அதுவரை காசு கிடையாது. பீடி சுற்றினால் வாரக்கூலி. 1966-ல் வந்த பீடித் தொழிலாளர் சட்டம் வீட்டில் இருந்து சுற்றுபவரையும் தொழிலாளி என்று ஏற்றது. 1976-ல் நலநிதிச் சட்டமும் வந்தது. கையில் அட்டை, பி.எஃப்., மருத்துவம், பிள்ளைக்குப் படிப்பு உதவித்தொகை. நம் ஜில்லாவில் அவ்வளவு பெண்கள் முறத்தை மடியில் வைத்துக்கொண்டதில் என்ன ஆச்சரியம்? புகையிலைத் தூசி நெஞ்சுக்கு ஆகாது என்று அவர்களுக்கும் தெரியும். "பாரம்பரியத்தை விட்டுவிட்டார்கள்" என்று குறை சொல்பவர்கள் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்ப்பதில்லை.

2012-13-ல் பத்தமடைப் பாய்க்குப் புவிசார் குறியீடு கிடைத்தது, சந்தோஷம். ஆனால் அது ஊர்ப் பெயரைத்தான் காக்கும், நெய்கிறவர் கூலியை உயர்த்தாது. சுயஉதவிக் குழுக்கள் வந்தபிறகு சில பெண்கள் பாய், பை என்று தாங்களே விற்கிறார்கள். மகள்கள் கல்லூரிக்குப் போகிறார்கள். அவர்களைத் திரும்பத் தறியில் உட்காரச் சொல்ல எனக்கு மனசு வராது.

உங்கள் அம்மாவோ ஆச்சியோ நன்னியோ பாய் நெய்தவர்கள் என்றால், அவர்கள் பெயரைக் கீழே எழுதுங்கள்.