ஒரு மதிப்பெண்ணுக்காக நீதிமன்றம் போகலாமா?



ராசிபுரம், திருச்செங்கோடு, ஆத்தூர் என்று நம் பக்கத்தில் தெருவுக்கு ஒருவராவது அரசுத் தேர்வுக்குப் படிக்கிறார்கள். முடிவு வந்ததும், "கீ ஆன்சர் தப்பு சார், கேஸ் போடலாமா?" என்று கேட்கிறார்கள். இதற்கு வரலாற்றில் விடை இருக்கிறது.

சென்னை மாகாணத்தில் 1929-இல் தனிச் சட்டம் இயற்றிப் பணியாளர் தேர்வாணையம் அமைத்தார்கள். இந்தியாவில் மாகாண அளவில் அதுதான் முதல். அப்போது முதல் மந்திரியாக இருந்தவர் நம் குமாரமங்கலம் ஜமீன்தார் டாக்டர் ப. சுப்பராயன். வேலை சிபாரிசில் கிடைக்கக் கூடாது, பொதுவான விதிப்படி கிடைக்க வேண்டும் என்பதுதான் இப்படிப்பட்ட ஆணையங்களின் அடிப்படை.

சரி, அந்த விதிப்படி திருத்துகிறவரே தவறினால்?

1983-இல் கான்பூர் பல்கலைக்கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு வழி சொன்னது. விடைக்குறிப்பு சரி என்றே முதலில் கொள்ள வேண்டும். அது தவறு என்பது ஐயத்துக்கு இடமின்றித் தெரிந்தால், சரியாக எழுதிய மாணவரைத் தண்டிக்கக் கூடாது. மறுமதிப்பீட்டுக்கு விதியில் இடமில்லையென்றால் அதை உரிமையாகக் கேட்க முடியாது என்று 1984-இல் மகாராஷ்டிர வழக்கில் கூறியது. 2017 டிசம்பரில் உத்தரப் பிரதேச ஆசிரியர் தேர்வு வழக்கில், ஐயம் இருந்தால் அதன் பலன் தேர்வு நடத்தியவருக்கே என்றது. நீதிபதி தேர்வாளர் நாற்காலியில் உட்கார ஆரம்பித்தால் எந்தத் தேர்வுக்கும் முடிவே வராது. தேறியவர்கள் வருடக்கணக்கில் காத்துக் கிடக்க வேண்டும்.

ஆனாலும் கதவு முழுவதும் மூடவில்லை. நம் சென்னை உயர் நீதிமன்றத்தில் 2017 ஜூலையில் நடந்ததைப் பாருங்கள். பட்டதாரி ஆசிரியர் தேர்வில் ஒருவர் 89 வாங்கினார்; வேண்டியது 90. 'வந்தே மாதரம்' முதலில் எந்த மொழியில் எழுதப்பட்டது என்ற கேள்விக்கு அவர் வங்காளம் என்று எழுதியிருந்தார். விடைக்குறிப்பில் இருந்ததோ சமஸ்கிருதம். பாடலின் வேர் சமஸ்கிருதம், எழுதப்பட்டது வங்காளத்தில் என்று அரசுத் தலைமை வழக்கறிஞர் விளக்கினார். அந்த ஒரு மதிப்பெண்ணை வழங்கும்படி நீதிமன்றம் உத்தரவிட்டது. பள்ளிகளில் அப்பாடலைப் பாட வேண்டும் என்றும் அதே தீர்ப்பு சொன்னதால் நாடெங்கும் அதைப் பற்றியே பேசினார்கள். ஒருவரின் வேலை ஒரு மதிப்பெண்ணில் தொங்கியது பலர் கண்ணில் படவில்லை.

ஆகவே பிள்ளைகளே, உத்தேச விடை வெளிவந்ததும் உட்கார்ந்து சரிபாருங்கள். ஆட்சேபம் சொல்லத் தரும் சில நாட்களை விட்டுவிடாதீர்கள். பாடநூல் பக்கத்தோடு எழுதுங்கள். கைடு புத்தகத்தை நம்பாதீர்கள். "எனக்கு இன்னும் கொஞ்சம் போட்டிருக்கலாம்" என்ற மனக்குறைக்கு நீதிமன்றத்தில் மருந்து இல்லை. "இந்த விடை தவறு, இதோ ஆதாரம்" என்பவருக்கு உண்டு.

யார் வீட்டிலாவது இந்த வருடம் எழுதுகிறார்கள் என்றால் இதைப் படித்துக் காட்டுங்கள்.

வாழ்த்துகளுடன்,
உங்கள் ஆசிரியர்