நிலவைத் தவறவிட்டவர்கள் கட்டிய வீடு

விண்வெளிப் பயண வரலாற்றைப் பேசுவோர் 1961இல் யூரி ககாரினில் தொடங்கி, 1969இல் நீல் ஆம்ஸ்ட்ராங்கோடு உச்சத்தைத் தொட்டு, பிறகு குரலைத் தாழ்த்திக்கொள்வது வழக்கம். நிலவுப் போட்டியில் தோற்ற பின் சோவியத் பொறியாளர்கள் செய்த வேலையே நீடித்த பயன் தந்தது என்பது என் துணிபு. விண்ணில் குடித்தனம் நடத்தக் கற்றவர்கள் அவர்கள்.

தொடக்கம் துயரமானது. 1971 ஏப்ரல் 19இல் ஏவப்பட்ட சல்யூட்-1 உலகின் முதல் விண்வெளி நிலையம். அங்கே மூன்று வாரங்களுக்கு மேல் தங்கிய தோப்ரவோல்ஸ்கி, வோல்கோவ், பத்சாயெவ் மூவரும் சோயுஸ்-11இல் திரும்பினர். கலத்தின் பகுதிகள் பிரிந்த அதிர்வில் காற்றழுத்த வால்வு ஒன்று திறந்துகொண்டது. சிறிய அறையில் மூவர் அமர வேண்டியிருந்ததால் அவர்களுக்கு அழுத்த உடை தரப்படவில்லை. ஜூன் 30இல் கலம் சேதமின்றித் தரையிறங்கியது. உள்ளே மூவரும் இறந்திருந்தனர். அதன்பின் அழுத்த உடை கட்டாயமாயிற்று. அதற்கு இடம் வேண்டி, சில ஆண்டுகள் இருவர் மட்டுமே பயணித்தனர்.

சல்யூட்-6இல் கலங்கள் வந்து இணைய இரண்டு வாயில்கள் இருந்தன. 1978 ஜனவரியில் ஆளில்லாத புரோகிரஸ் கலம் எரிபொருளும் உணவும் கொண்டு சேர்த்தது. சரக்கு வண்டியைப் பற்றி யாரும் காவியம் பாடுவதில்லை. ஆனால் அது இல்லாமல் நெடுநாள் தங்கல் ஏது?

1984 ஏப்ரலில் நம் ராகேஷ் சர்மா தங்கி ஆய்வு செய்தது சல்யூட்-7இல். மறு ஆண்டு பிப்ரவரியில் அந்நிலையம் பேச்சற்றுப் போயிற்று. ஜூனில் ஜானிபெகோவும் சவினிக்கும் தம் கலத்தைக் கையால் ஓட்டி, கட்டுப்பாடிழந்து மிதந்த அந்நிலையத்தோடு இணைத்தனர். உள்ளே மின்சாரம் இல்லை, தண்ணீர் உறைந்திருந்தது. பழுதான உணர்கருவி ஒன்று மின்கலங்களுக்கு மின்னூட்டம் போகாமல் தடுத்திருந்தது. கம்பளித் தொப்பியோடு குளிரில் மிதந்தபடி, சூரியத் தகடுகளின் கம்பிகளை நேரடியாக மின்கலங்களில் இணைத்து, நிலையத்தைச் சூரியன் பக்கம் திருப்பி உயிர்ப்பித்தார்கள். விண்வெளி வரலாற்றின் தலைசிறந்த பழுதுபார்ப்பு இதுவே என்பேன்.

சல்யூட் வடிவமைப்பிலிருந்தே 1986இல் மிர் பிறந்தது. மிர்-2க்கென உருவான மையக்கூடம், சோவியத் ஒன்றியம் கலைந்து திட்டம் கைவிடப்பட்ட பின், 2000 ஜூலையில் ஸ்வெஸ்தா என்ற பெயரில் சர்வதேச விண்வெளி நிலையத்தின் உறுப்பாயிற்று. அவ்வாண்டு நவம்பர் 2இல் ஷெப்பர்ட், கித்சென்கோ, கிரிகாலெவ் ஆகியோர் அங்கே குடியேறினர். அன்றுமுதல் நிலையம் ஆளில்லாமல் கிடந்ததில்லை. 2011இல் ஷட்டில்கள் ஓய்வுபெற்ற பின் 2020 வரை, நிலவில் கொடி நட்ட நாட்டின் வீரர்களும் பைகோனூர் சென்று சோயுஸில்தான் ஏறினார்கள்.